ஒரு பெயர், பல நூல்கள்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஒரே பெயரைத் தாங்கிய நூல்களை, அவை எந்த வகையைச் சேர்ந்தவையாயினும், அடுத்தடுத்து வைத்துப் படிப்பது என் நெடுநாள் பழக்கம். இதைப் பற்றிப் பேச்செடுக்கும்போதெல்லாம் நண்பர்களும் மாணவர்களும் ஏறத்தாழ அதே ஐயங்களையே எழுப்பி வந்ததால், அவற்றைக் கேட்டவர்களின் சொற்களிலேயே தொகுத்து விடை எழுதியிருக்கிறேன். எடுத்துக்காட்டுகள் பெரும்பாலும் தமிழ் இலக்கியத்திலிருந்து வருபவை. தேவைப்படும் இடங்களில் மட்டும் வடமொழி நூல்களையும் தொட்டிருக்கிறேன்.

ஒரே பெயருள்ள நூல்கள் என்று எவற்றைச் சொல்கிறீர்கள்? நூலின் பெயரா, எழுதியவரின் பெயரா?

முதன்மையாக நூலின் பெயரைத்தான் சொல்கிறேன். ‘சிந்தாமணி’ என்ற ஒரு சொல்லை எடுத்துக்கொண்டால், அதைத் தலைப்பில் ஏந்தி நிற்கும் காப்பியம் உண்டு, நீதிப் பாடல்களின் தொகுப்பு உண்டு, கலைக்களஞ்சியம் உண்டு, மருத்துவ நூல் உண்டு, மாத இதழ்கூட உண்டு. இவற்றுக்குள் கதைத் தொடர்பு எதுவும் இல்லை. பெயர் ஒன்றுதான் இணைப்பு. ஆசிரியர் பெயர் ஒன்றாக இருந்து வாசகர் மயங்குவது தனிச் சிக்கல். அதை ஔவையாரைப் பற்றிய கேள்வியில் பார்க்கலாம்.

நூற்பெயர் ஒற்றுமையிலும் இரண்டு நிலைகளைப் பிரித்தறிய வேண்டும். சில இடங்களில் பெயர் ஓர் அடைமொழிபோல இரவல் வாங்கப்படுகிறது, சிந்தாமணி அப்படிப்பட்டது. வேறு சில இடங்களில் பழைய நூலோ பழைய மனிதரோ வேண்டுமென்றே நினைவூட்டப்படுகிறார். நந்தன் என்ற பெயர் அப்படிப்பட்டது. இந்த வேறுபாட்டைக் கவனிக்காமல் பட்டியல் போடுவதால்தான் பாதிக் குழப்பங்கள் வருகின்றன.

சிந்தாமணி என்றால் சீவக சிந்தாமணிதானே? வேறு என்ன இருக்கிறது?

தமிழில் அடைமொழி இல்லாமல் சிந்தாமணி என்றால், திருத்தக்கதேவர் இயற்றிய சீவக சிந்தாமணியைத்தான் குறிக்கும். அந்த மரபு சரியானதே. ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றான அது சமண சமயச் சார்புடையது. இலம்பகம் எனப்படும் 13 பிரிவுகளாக அமைந்தது. நச்சினார்க்கினியர் உரை பெற்றது. சீவகன் எட்டுப் பெண்களை மணப்பதால் அதற்கு மணநூல் என்றும் பெயர் உண்டு.

அதற்கு அடுத்தபடியாகப் பலரும் அறிந்தது விவேக சிந்தாமணி. ஆசிரியர் பெயர் தெரியாத இந்தப் பாடல் தொகுப்பில் நீதியும் உலகியலும் காதலும் நையாண்டியும் கலந்து கிடக்கின்றன. ‘ஆபத்துக்கு உதவாப் பிள்ளை’ என்று தொடங்கும் பாடலை, அது எந்த நூலில் இருக்கிறது என்று அறியாமலேயே மேற்கோளாகச் சொல்பவர்கள் ஏராளம். மூன்றாவதாக, ஆ. சிங்காரவேலு முதலியார் தனி ஒருவராகப் பல ஆண்டுகள் உழைத்துத் தொகுத்த அபிதான சிந்தாமணி. பாண்டித்துரைத் தேவரின் ஆதரவோடு 1910ஆம் ஆண்டு வெளிவந்த இது புராணம், இலக்கியம், வரலாறு ஆகியவற்றின் பெயர்களையும் செய்திகளையும் அகர வரிசையில் தரும் களஞ்சியம். சித்த மருத்துவத்தில் யூகி வைத்திய சிந்தாமணி இருக்கிறது. நோய்களை வகைப்படுத்தி அவற்றின் குறிகுணங்களைச் சொல்லும் அந்த நூலைச் சித்த மருத்துவ மாணவர்கள் இன்றும் பயில்கிறார்கள்.

வடமொழிப் பக்கம் திரும்பினால் வரிசை இன்னும் நீள்கிறது. கங்கேசரின் தத்துவ சிந்தாமணி நவீன நியாயம் எனப்படும் தருக்கப் பிரிவின் அடிப்படை நூல். ஹேமாத்திரியின் சதுர்வர்க்க சிந்தாமணி தரும சாத்திரத் தொகுப்பு. மேருதுங்கரின் பிரபந்த சிந்தாமணி, அரசர்களையும் அறிஞர்களையும் பற்றிய கதைகளின் திரட்டு. முகூர்த்த சிந்தாமணி சோதிடம். கன்னடத்தில் நிஜகுண சிவயோகி எழுதிய விவேக சிந்தாமணி வீரசைவ மரபைச் சேர்ந்தது. அதற்கும் தமிழ் விவேக சிந்தாமணிக்கும் பெயரைத் தவிர வேறு உறவு இல்லை.

இந்த ஒரு சொல்லின் மேல் இத்தனை பேருக்கு ஏன் இவ்வளவு ஆசை?

நினைத்ததைத் தரும் தெய்வ மணி என்பது சிந்தாமணியின் பொருள். ஒரு நூலுக்கு அப்பெயரைச் சூட்டும் ஆசிரியர், தேடி வருபவர் கேட்டது இதில் கிடைக்கும் என்று உறுதி தருகிறார். களஞ்சியத்துக்கும் மருத்துவ நூலுக்கும் முகூர்த்த நூலுக்கும் இந்தப் பெயர் இயல்பாகப் பொருந்துவது அதனால்தான். அவற்றை யாரும் முதலிலிருந்து கடைசிவரை படிப்பதில்லை. வேண்டியதை எண்ணிக்கொண்டு உரிய பக்கத்தைத் திறக்கிறார்கள்.

காப்பியத்துக்கும் தருக்க நூலுக்கும் அதே பெயர் வரும்போது பொருள் சற்றே நகர்கிறது. அங்கே மணி என்பது பயன்பாட்டைக் காட்டிலும் அருமையையும் ஒளியையும் குறிக்கிறது. பெயரால் நூல்களைச் சேர்த்துப் படிப்பதில் எனக்குக் கிடைக்கும் பெரிய சுவையே இதுதான்: ஒரு நூலிடம் அதன் காலத்தவர் எதை எதிர்பார்த்தார்கள் என்பதை ஒரே சொல் வெவ்வேறு துறைகளில் வெவ்வேறு விதமாகக் காட்டிக்கொடுத்துவிடுகிறது.

பழங்காலத்தில் நூலுக்குப் பெயர் வைக்க விதி ஏதாவது இருந்ததா, இல்லை விருப்பம்போல் வைத்தார்களா?

விதி என்று சொல்வதைவிட, வழக்கத்தைக் கவனித்து எழுதிய இலக்கணம் இருந்தது என்று சொல்லலாம். 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்த பவணந்தி முனிவரின் நன்னூல், பாயிரப் பகுதியில், முதல்நூல், கருத்தன் (ஆசிரியர்), அளவு, மிகுதி, பொருள், செய்வித்தோன், தன்மை ஆகிய காரணங்களாலும், காரணமின்றி இடப்படும் இடுகுறியாலும் நூல்கள் பெயர் பெறும் என்கிறது. தொல்காப்பியம் ஆசிரியரால் பெற்ற பெயர். பன்னிரு படலம் அளவால் பெற்ற பெயர். சிந்தாமணி, சூடாமணி, நன்னூல் ஆகியவற்றைத் தன்மையால் வந்த பெயர்களுக்கு உரைகாரர்கள் எடுத்துக்காட்டுவர்.

இந்தப் பட்டியலை வைத்துப் பார்த்தால் பெயர் ஒற்றுமை எங்கே மிகுதியாக நேரும் என்பதும் விளங்கும். ஆசிரியர் பெயரால் அமைந்த தலைப்பு மற்றொரு நூலுக்கு எளிதில் வராது. தன்மையாலும் அளவாலும் அமைந்த தலைப்புகள் வந்துகொண்டே இருக்கும், ஏனெனில் மேன்மையைப் புகழும் சொற்களும் எண்களும் எல்லோருக்கும் பொது.

உலா, கோவை, பிள்ளைத்தமிழ் என்று முடிகிற நூல்களையெல்லாம் ஒரே பெயரென்று சேர்த்துக்கொள்ளலாமா?

சேர்க்கக் கூடாது. உலாவும் கோவையும் பிள்ளைத்தமிழும் இலக்கிய வகையின் பெயர்கள். அவற்றைச் சேர்த்தால் வகைப்பட்டியல்தான் கிடைக்கும்.

ஆனால் ‘நாற்பது’ என்று முடியும் நூல்கள் என் வரிசையில் இடம்பெறத் தக்கவை. பதினெண்கீழ்க்கணக்கில் அப்படி நான்கு உள்ளன: கபிலர் இயற்றிய இன்னா நாற்பது, பூதஞ்சேந்தனார் இயற்றிய இனியவை நாற்பது, மதுரைக் கண்ணங்கூத்தனார் இயற்றிய கார் நாற்பது, பொய்கையார் இயற்றிய களவழி நாற்பது. முதல் இரண்டும் அற நூல்கள். கார் நாற்பது கார்காலத்தில் தலைவன் வரவை எதிர்பார்த்திருக்கும் தலைவியைப் பற்றிய அகநூல். களவழி நாற்பது குருதி தோய்ந்த போர்க்களத்தைப் பாடும் புறநூல். எண் ஒன்று, வகை மூன்று. நாற்பது என்ற எண்ணுக்குள் மழைக்காலக் காத்திருப்பும் யானைகள் வெட்டுண்டு வீழும் களமும் அடங்கியிருப்பதைப் பார்க்க, நான்கையும் தொடர்ச்சியாக வாசித்தாலே போதும். எல்லாம் சிறு நூல்கள்.

சூளாமணி, சூடாமணி நிகண்டு, விவேக சூடாமணி எல்லாம் ஒன்றுதானா?

மூன்றும் வெவ்வேறு. சொல் மட்டும் ஒன்று. தலையில் அணியும் மணியைக் குறிக்கும் சூடாமணி என்ற சொல்லே சூளாமணி என்றும் வழங்கும். சூளாமணி தோலாமொழித்தேவர் இயற்றிய சமணக் காப்பியம், ஐஞ்சிறுகாப்பியங்களுள் ஒன்று, திவிட்டன், விசயன் என்னும் உடன்பிறந்தோரின் கதையைச் சொல்வது. சி. வை. தாமோதரம் பிள்ளை 1889ஆம் ஆண்டு இதைப் பதிப்பித்தார். சூடாமணி நிகண்டு, மண்டல புருடர் விருத்தப்பாவில் அமைத்த சொற்பொருள் நூல். அகராதிகள் பரவுவதற்கு முன் மாணவர்கள் இதை மனப்பாடம் செய்தே சொற்களைக் கற்றார்கள். விவேக சூடாமணி, ஆதிசங்கரர் பெயரால் வழங்கும் வடமொழி அத்வைத நூல். அது அவர் இயற்றியதுதானா என்பதில் ஆய்வாளர்கள் கருத்து வேறுபடுகிறார்கள். ரமண மகரிஷி இதைத் தமிழ் உரைநடையில் பெயர்த்திருப்பதால் தமிழ் நூல் வரிசையிலும் இது நிற்கிறது.

உண்மையான தொல்லை, விவேக சூடாமணியும் விவேக சிந்தாமணியும் பட்டியல்களில் அருகருகே வருவதுதான். ஒன்றைக் கேட்டு மற்றொன்றைப் பெற்றுக்கொண்டவர்களை நான் பார்த்திருக்கிறேன். ஆன்ம விசாரணையை எதிர்பார்த்துத் திறந்தவருக்கு ஆபத்துக்கு உதவாப் பிள்ளை கிடைத்தால் வியப்பாகத்தான் இருக்கும். போதாக்குறைக்கு, ‘சூடாமணி’ என்று மட்டும் தேடினால் ஆர். சூடாமணியின் சிறுகதைத் தொகுப்புகளும் சேர்ந்து வரும். அங்கே அது 1931 முதல் 2010 வரை வாழ்ந்த எழுத்தாளரின் பெயர்.

விவேக சிந்தாமணியைத் தேடினால் கமலாம்பாள் சரித்திரம் என்ற நாவல் வருகிறதே, ஏன்?

விவேக சிந்தாமணி என்ற பெயரிலேயே ஓர் இதழும் இருந்தது. சி. வி. சுவாமிநாத ஐயர் 1892ஆம் ஆண்டு அதைத் தொடங்கினார். பி. ஆர். ராஜமய்யரின் கமலாம்பாள் சரித்திரம் 1893 முதல் 1895 வரை அந்த இதழில்தான் தொடராக வந்தது. ஆகையால் ‘விவேக சிந்தாமணியில் வந்தது’ என்று ஒரு கட்டுரையில் கண்டால், அது பாடல் தொகுப்பா இதழா என்பதை ஆண்டைப் பார்த்து முடிவு செய்யுங்கள்.

ஔவையார் எத்தனை பேர்?

ஒருவர் அல்லர் என்பது உறுதி. அதியமானிடம் நெல்லிக்கனி பெற்று அவனைப் புறநானூற்றில் பாடிய ஔவையாரும், ஆத்திசூடி, கொன்றை வேந்தன், மூதுரை, நல்வழி ஆகிய நீதி நூல்களுக்கு உரியவராகச் சொல்லப்படும் ஔவையாரும் பல நூற்றாண்டு இடைவெளி உடையவர்கள். இரு தொகுதிகளின் மொழிநடையே அதைக் காட்டும். யோக நெறி பேசும் ஔவைக்குறளும் விநாயகர் அகவலும் வேறொருவருடையவை என்று கருதுவோர் உண்டு. எத்தனை ஔவையார் என்று எண்ணிக்கை சொல்வதில் அறிஞர்கள் ஒத்துப்போவதில்லை. என் கருத்தில் எண்ணிக்கையைவிட, எந்த நூலின் ஔவையார் என்று ஒவ்வொரு முறையும் குறிப்பிடும் பழக்கமே பயனுள்ளது.

ஔவையார் மட்டுமல்லர். மேலே சொன்ன இன்னா நாற்பதின் கபிலர், பாரியின் நண்பரான சங்கக் கபிலர், பதினோராம் திருமுறையில் இடம்பெறும் கபிலதேவ நாயனார் ஆகியோரைப் பலர் ஒருவராக்கிவிடுகிறார்கள். சங்கத் தொகை நூல்களுக்குக் கடவுள் வாழ்த்து இயற்றிய பாரதம் பாடிய பெருந்தேவனாரும், 9ஆம் நூற்றாண்டில் பாரத வெண்பா இயற்றிய பெருந்தேவனாரும் வெவ்வேறு காலத்தவர். புகழ் பெற்ற பெயர் பிற்காலத்து நூல்களைத் தன்பால் இழுத்துக்கொள்வதும் உண்டு: நளவெண்பா இயற்றிய புகழேந்தியின் பெயரில் அல்லி அரசாணி மாலை, பவளக்கொடி மாலை போன்ற மக்கள் கதைப்பாடல்கள் அச்சாகியிருக்கின்றன, நடை அவருடையதன்று என்பது படித்த அளவிலேயே தெரியும்.

ஒரே நூலுக்கே இரண்டு பெயர் இருந்தால் எப்படிக் கண்டுபிடிப்பது?

இது பெயர் ஒற்றுமையின் மறுபக்கம்; ஏமாறுவதற்கும் அதே அளவு இடம் தருவது. மூதுரைக்கு வாக்குண்டாம் என்றும் பெயர். காப்புச் செய்யுளின் முதற்சொல் அது. ஆத்திசூடியும் கொன்றை வேந்தனும் அப்படித் தொடக்கச் சொற்களால் பெயர் பெற்றவையே. அதிவீரராம பாண்டியரின் வெற்றி வேற்கைக்கு நறுந்தொகை என்றும் பெயர். பெரியபுராணத்துக்குத் திருத்தொண்டர் புராணம் என்பது சேக்கிழார் இட்ட பெயர். கம்பராமாயணத்துக்குக் கம்பர் இட்டது இராமாவதாரம்.

இன்னொரு வகையும் உண்டு. நக்கீரரின் திருமுருகாற்றுப்படை பத்துப்பாட்டில் முதற்பாட்டாகவும் பதினோராம் திருமுறையில் ஒன்றாகவும் இடம்பெறுகிறது. இரண்டு தொகுதிகளையும் வைத்திருப்பவர் அதை இரு நூல்களாக எண்ணிவிடக் கூடாது. ஐயம் வந்தால் தலைப்பை விட்டுவிட்டு முதல் அடியைப் பாருங்கள். பழைய நூல்களின் நல்ல பதிப்புகளில் பாட்டு முதற்குறிப்பு அகராதி இருக்கும். தலைப்பு எத்தனை முறை மாறினாலும் முதல் அடி அவ்வளவு எளிதில் மாறாது.

திருவிளையாடற் புராணம் இரண்டு இருப்பதாகச் சொல்கிறார்களே, எதைப் படிப்பது?

இரண்டும் மதுரைச் சொக்கநாதரின் 64 திருவிளையாடல்களைப் பாடுபவை. பெரும்பற்றப்புலியூர் நம்பி இயற்றியது காலத்தால் முந்தியது. பரஞ்சோதி முனிவர் இயற்றியது பிந்தியது, பெரிதும் பரவியது. மேடைப் பேச்சிலும் பாடநூலிலும் வருவது பெரும்பாலும் பரஞ்சோதியார் பாடியதே. கதைக்காகப் படிப்பவர் அதில் தொடங்கலாம். ஒரே கதை எப்படி வளர்ந்தது என்று அறிய விரும்புபவர் ஒரு திருவிளையாடலை மட்டும் தேர்ந்து இரண்டிலும் படித்தால் போதும்.

மதுரைக்காஞ்சி என்பது மதுரை, காஞ்சி இரண்டு ஊர்களையும் பற்றியதா?

இல்லை. இங்கே காஞ்சி என்பது நிலையாமையை உணர்த்தும் புறத்திணை. மாங்குடி மருதனார் பாண்டியன் நெடுஞ்செழியனுக்கு நிலையாமையை எடுத்துரைக்கும் பாட்டு அது. முதுமொழிக் காஞ்சியிலும் ஊருக்கு வேலை இல்லை. காஞ்சிப் புராணத்தில் வருவதுதான் ஊர்.

பெயர் மட்டும் ஒன்றாக இருந்து உள்ளே தொடர்பே இல்லையென்றால், சேர்த்துப் படித்து என்ன பயன்?

முதல் விடையில் சொன்ன இரண்டு நிலைகளை இங்கே நினைவில் கொள்ள வேண்டும். இரவல் பெயர்களில் கிடைக்கும் பயன், சொல்லின் வாழ்க்கையை அறிவது; சிந்தாமணி பற்றிய விடையே அதற்குச் சான்று. நினைவூட்டும் பெயர்களில் கிடைக்கும் பயன் ஆழமானது, ஏனெனில் அங்கே ஒவ்வொரு நூலும் முந்தைய நூலுக்கு விடை சொல்கிறது.

நந்தனை எடுத்துக்கொள்ளுங்கள். சுந்தரர் திருத்தொண்டத்தொகையில் திருநாளைப் போவார் என்று ஒரு தொடரோடு நிறுத்துகிறார். சேக்கிழார் அதைப் புராணமாக விரிக்கிறார்; தில்லைக்கு நாளைப் போவேன் என்று சொல்லிச் சொல்லித் தவிக்கும் புலைப்பாடி மனிதர் அங்கே உருவாகிறார். 19ஆம் நூற்றாண்டில் கோபாலகிருஷ்ண பாரதியார் நந்தனார் சரித்திரக் கீர்த்தனையில், பெரியபுராணத்தில் இல்லாத கொடுமைக்கார வேதிய நிலக்கிழாரைக் கொண்டுவந்து, பக்திக் கதைக்குள் பண்ணையாளின் கதையை வைத்துவிடுகிறார். பிறகு புதுமைப்பித்தனின் ‘புதிய நந்தன்’ சிறுகதை. அதன் பிறகு இந்திரா பார்த்தசாரதியின் ‘நந்தன் கதை’ நாடகம். தோத்திரம், புராணம், கீர்த்தனை, சிறுகதை, நாடகம் என்று வகை மாற மாற, அந்த மனிதர் தீயில் இறங்கிய நிகழ்ச்சிக்கு யார் பொறுப்பு என்ற கேள்வி கூர்மையாகிக்கொண்டே போகிறது. இவற்றுள் ஒன்றை மட்டும் படித்தவருக்கு அந்தக் கேள்வி வளர்ந்த வழி புலப்படாது.

பெயர் தலைப்பில் இல்லாமல் கதையில் மட்டும் இருந்தால் சேர்ப்பீர்களா?

சேர்ப்பேன், ஆனால் தனி வரிசையில். அகலிகை நல்ல எடுத்துக்காட்டு. கம்பராமாயணத்தில் அவள் பெயரில் ஒரு படலம் உண்டு, வெ. ப. சுப்பிரமணிய முதலியார் அகலிகை வெண்பா எழுதினார்; புதுமைப்பித்தன் ‘அகல்யை’ என்ற தலைப்பில் ஒரு கதையும், தலைப்பில் பெயரே இல்லாத ‘சாப விமோசனம்’ என்ற கதையும் எழுதினார். நான்கிலும் கூர்மையானது பெயரை மறைத்துக்கொண்ட கடைசிக் கதைதான். தலைப்பை மட்டும் நம்பும் பட்டியலில் அது விடுபட்டுப்போகும். பெயரால் நூல் சேர்க்கும் முறையின் பெரிய குறை இது.

புதிதாகத் தொடங்குபவர் எந்தப் பெயரில் தொடங்கலாம்?

குறிஞ்சியில் தொடங்கலாம் என்பது என் பரிந்துரை. நிலம், மலர், திணை, பண் என்று பல பொருள் தரும் சொல் அது. கபிலரின் குறிஞ்சிப்பாட்டு 261 அடிகளே உடையது; 99 மலர்களை அடுக்கிச் சொல்லும் பகுதியை வாய்விட்டுப் படித்தால் பொருள் முழுதும் தெரியாவிட்டாலும் ஓசை பிடித்துக்கொள்ளும். அடுத்து ராஜம் கிருஷ்ணனின் ‘குறிஞ்சித் தேன்’ நாவல்: நீலகிரியின் படகர் இன மக்களின் வாழ்வு தலைமுறைதோறும் மாறுவதை, பன்னிரண்டு ஆண்டுக்கு ஒருமுறை பூக்கும் குறிஞ்சியைக் காலக்கணக்காக வைத்துச் சொல்வது. நா. பார்த்தசாரதியின் ‘குறிஞ்சி மலர்’ அந்த அருமையை மலையிலிருந்து இறக்கிப் பூரணி என்ற பெண்ணின் பண்புக்கு உவமையாக்குகிறது. பாரதிதாசனின் ‘குறிஞ்சித் திட்டு’ காப்பிய வடிவம்.

சீவக சிந்தாமணியை முதல் நூலாக எடுக்க வேண்டாம். உ. வே. சாமிநாதையரே அதைத் தட்டுத்தடுமாறித்தான் அணுகினார். 1880இல் கும்பகோணத்தில் முன்சீப்பாக (நீதிபதியாக) இருந்த சேலம் இராமசாமி முதலியார், அவர் கற்றதாகச் சொன்ன அந்தாதிகளையும் பிள்ளைத்தமிழ்களையும் பொருட்படுத்தாமல், சீவக சிந்தாமணி படித்ததுண்டா என்று கேட்டதும், பிறகு சமணக் குடும்பத்தாரிடம் சென்று சமயச் செய்திகளைக் கேட்டுத் தெளிந்ததும், 1887இல் பதிப்பு வெளிவந்ததும் பலரும் அறிந்தவை. அத்தனை பெரிய புலவருக்கே ஏழு ஆண்டு பிடித்தது.

இணையத்தில் தேடும்போது இருக்கிற நூல்கூடக் கிடைப்பதில்லையே?

பெரும்பாலும் எழுத்து வேறுபாடுதான் காரணம். சீவக, ஜீவக என்று இரண்டு விதமாகவும் தேடுங்கள். சேர்த்தும் பிரித்தும் தேடுங்கள்: சீவகசிந்தாமணி, சீவக சிந்தாமணி. சந்தி சேர்ந்த வடிவத்தையும் சேராத வடிவத்தையும் முயலுங்கள்: திருவிளையாடற் புராணம், திருவிளையாடல் புராணம்.

ஔவையார் இங்கும் நம்மைச் சோதிக்கிறார். ‘ஔ’ என்ற ஒற்றை எழுத்துக்குப் பதிலாக ‘ஒ’, ‘ள’ என்று இரண்டு எழுத்துகளைச் சேர்த்துத் தட்டச்சு செய்தவர்கள் மிகப் பலர். கண்ணுக்கு இரண்டும் ஏறத்தாழ ஒன்றே. கணினிக்கு முற்றிலும் வேறு. அவ்வையார் என்ற வடிவத்தையும் சேர்த்து மூன்று முறை தேடாமல் அவருடைய நூல் இல்லை என்று முடிவு கட்டாதீர்கள். அண்மைப் பதிப்பாக இருந்தால் 13 இலக்கப் பன்னாட்டுத் தரப் புத்தக எண்ணைக் கொண்டு தேடுவது பிழையற்றது. ஆனால் ஒரு நூலின் ஒவ்வொரு பதிப்பகப் பதிப்புக்கும் எண் வேறுபடும் என்பதை மறவாதீர்கள்.

ஏற்கெனவே இருக்கிற தலைப்பை என் நாவலுக்கு வைத்தால் சட்டச் சிக்கல் வருமா?

இந்தியாவில் பதிப்புரிமை நூலின் உள்ளடக்கத்துக்கே உரியது. ஆசிரியர் இறந்த ஆண்டுக்குப் பின் 60 ஆண்டுகள்வரை நீடிப்பது. தலைப்புக்கு மட்டும் தனியே பதிப்புரிமை கிடையாது என்பதை உச்ச நீதிமன்றம் 2015ஆம் ஆண்டு ஒரு திரைப்படத் தலைப்பு வழக்கில் தெளிவுபடுத்தியது. எனினும் புகழ் பெற்ற ஒரு தலைப்பை வைத்து, இது அவருடைய நூல் என்று வாசகர் நம்பும்படி விற்றால் அது வேறு வழக்காகும். வணிகக் குறியாகப் பதிவான தொடர்ப்பெயர்களையும் தொடக் கூடாது.

சட்டம் இடம் கொடுத்தாலும் பண்பு ஒன்று இருக்கிறது. பாரதியார் தம் நூலுக்குப் ‘புதிய ஆத்திசூடி’ என்று பெயரிட்டார். முதற்சொல்லாகவும் ஆத்திசூடியையே வைத்தார். அந்தப் ‘புதிய’ என்ற ஒரு சொல், பழைய நூலுக்கு வணக்கமும் அதனோடு வழக்கும் ஒருசேரச் சொல்லிவிடுகிறது. அப்படி ஓர் அடைமொழி வைக்க உங்களுக்குக் காரணம் இருந்தால் பெயரை எடுத்துக்கொள்ளுங்கள்.

சீவக சிந்தாமணி தன் பெயரை வடமொழியிலிருந்து எடுத்துக்கொண்டதா?

இது உண்மையிலேயே கடினமான கேள்வி. வாதீபசிம்மர் என்ற சமண ஆசிரியர் சீவகன் கதையை வடமொழியில் இரண்டு முறை எழுதினார். உரைநடையில் எழுதியது கத்ய சிந்தாமணி. செய்யுளில் எழுதியது க்ஷத்ர சூடாமணி. ஒரே கதைக்கு ஒரே ஆசிரியர் ஒருமுறை சிந்தாமணி என்றும் ஒருமுறை சூடாமணி என்றும் பெயரிட்டிருப்பது, இவ்விரு சொற்களும் சமண ஆசிரியர்களிடையே எவ்வளவு பழகியிருந்தன என்பதைக் காட்டுகிறது. 12ஆம் நூற்றாண்டுச் சமண அறிஞர் ஹேமசந்திரரின் வடமொழி நிகண்டுக்கும் அபிதான சிந்தாமணி என்றே பெயர். 1910ஆம் ஆண்டுத் தமிழ்க் களஞ்சியத்தின் பெயருக்கு அது முன்னோடி.

திருத்தக்கதேவர் வாதீபசிம்மரைப் பின்பற்றினாரா, அவர் இவரைப் பின்பற்றினாரா என்பதில் ஆய்வாளர்கள் இருவேறு கருத்துடையவர்கள். ஆனால் தமிழ்க் காப்பியம் தன் பெயருக்கான காரணத்தைத் தன்னுள்ளேயே வைத்திருக்கிறது. கணவன் சச்சந்தனைப் பறிகொடுத்து, மயில் வடிவில் பறக்கும் மயிற்பொறியில் தப்பிச் சென்று, சுடுகாட்டில் தனியே பிள்ளை பெறும் விசயை, தரையில் கிடக்கும் குழந்தையைப் பார்த்துச் ‘சிந்தாமணியே கிடத்தியால்’ என்று புலம்புகிறாள். தலைப்பிலுள்ள மணி, அரசகுமாரன் பிறந்த கணத்தில், கேட்க வேறு யாரும் இல்லாத இடத்தில், தாயின் வாயிலிருந்து வந்த சொல். அதே பெயர் கொண்ட மற்ற நூல்களையெல்லாம் படித்த பிறகு அந்தப் பாடலுக்குத் திரும்பினால், அந்த விளி வேறாக ஒலிக்கிறது.